உப்பு அழும் மார்கழி

மருந்தாளுநர் படிப்பை முடித்து வெளியே வந்தபோது என்னிடம் மிஞ்சியவை இரண்டு. ஒரு சான்றிதழ், ஒரு சொல். சான்றிதழ் கடையில் கல்லாவுக்கு மேலே தொங்குகிறது. கண்ணாடிக்குள் எப்படியோ புகுந்த கரப்பான் ஒரு மூலையைத் தின்று தீர்த்துவிட்டது. சொல் மட்டும் முழுசாக இருக்கிறது. டெலிக்வெசென்ட்.

இறுதியாண்டு வாய்மொழித் தேர்வில் வெளியூரிலிருந்து வந்த பேராசிரியர் கேட்டார். "ஹைக்ரோஸ்கோபிக், டெலிக்வெசென்ட், ரெண்டுக்கும் என்ன வித்தியாசம்?" நான் கொஞ்சமும் தயங்காமல், "ரெண்டும் நனையும் சார்" என்றேன். அவர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். "மழையில ஆடும் நனையும், ஆட்டுக்காரனும் நனைவான். ரெண்டும் ஒண்ணா தம்பி?" பிறகு, பாவப்பட்டு, அவரே சொன்னார். காற்றிலிருக்கும் ஈரத்தை வாங்கிக்கொண்டும் தன் உருவம் குலையாமல் இருப்பது ஒரு வகை. வாங்கி, வாங்கி, கடைசியில் வாங்கிய ஈரத்திலேயே தானும் கரைந்து குளமாகிப்போவது இன்னொரு வகை. பள்ளிப் பாடப்புத்தகம் இதை 'ஈரம் உறிஞ்சிக் கரைவது' என்கிறது. அதுதான் டெலிக்வெசென்ட்.

அன்றிலிருந்து நான் மனிதர்களை இப்படித்தான் பிரித்து வைக்கிறேன். என் வாப்பா கலந்தர், அவர் பெயரில்தான் கடை, ஹைக்ரோஸ்கோபிக். பழவேற்காட்டு ஜனங்களின் துக்கமெல்லாம் அவர் காதில் விழும், வாங்கி வைத்துக்கொள்வார், ஆள் அப்படியே இருப்பார், கொஞ்சம் கனம் மட்டும் கூடியிருக்கும். என் மனைவி நுஸைபா டெலிக்வெசென்ட். யார் வீட்டு மௌத்துக்குப் போனாலும் அந்த வீட்டுக்காரர்கள்தான் இவளைத் தேற்றி அனுப்ப வேண்டும். நான்? மாத்திரை டப்பாவுக்குள் ஒரு குட்டிப் பை கிடக்குமே, 'தின்னாதே' என்று மேலே எழுதி, அது. டப்பாவைத் திறந்ததும் முதலில் தூக்கி எறிவது அதைத்தான்.

மற்றபடி அந்தச் சொல்லால் கடைக்கு ஒரு பிரயோஜனமும் இல்லை. காய்ச்சல் மாத்திரை, கேஸ் மாத்திரை, சேற்றுப்புண் களிம்பு. இத்தனை வருஷத்தில் ஒருவர்கூட வந்து, "பாய், டெலிக்வெசென்ட்டா எதுனா குடு" என்று கேட்டதில்லை.

போன மார்கழியில் ஒரு காலை குணசுந்தரி வந்தாள். லைட்ஹவுஸ் குப்பத்துக்காரி. கருவாட்டுக் கூடையைக் கடைப்படியில் இறக்கினாள். கூடைக்குப் பின்னால் வந்த ஈக்கள் என்னை நலம் விசாரித்தன.

"பாய், உன் மாத்திர டூப்பு."

கடையில் அப்போது இரண்டு பேர் நின்றிருந்தார்கள். ஒருவர் வாங்கிய இருமல் மருந்தைத் திருப்பிப் பார்க்க ஆரம்பித்தார்.

"இன்னாக்கா இது, காலங்காத்தால."

"காலங்காத்தால வந்தாத்தான் நீ இருப்ப. என் ஊட்டுக்காரனுக்கு நீ குடுக்கறியே வலிப்பு மாத்திர, அது டூப்பு. சுண்ணாம்ப உருட்டி ரோஸ் கலர் அடிச்சு விக்கற."

"அதே மாத்திரைய ஆரம்பாக்கத்துலேர்ந்து வந்து ஒருத்தர் வாங்கறாரு. அவுரு நல்லா கீறாரே."

"அவுருக்கு நல்லதக் குடுத்துட்டு எங்களுக்கு டூப்பக் குடுக்கறியா?"

இருமல் மருந்துக்காரர் புட்டியைக் கண்ணாடி மேல் வைத்துவிட்டு மெதுவாக நழுவினார்.

அவள் கணவன் பொன்னுரங்கத்தை எனக்கு நன்றாகத் தெரியும். ஏரியில் இறால் வலை கட்டுகிறவன். சின்ன வயசிலிருந்தே வலிப்பு. சென்னையில் நரம்பு டாக்டர் ஒருவரிடம் காட்டி, அவர் எழுதிக் கொடுத்த மாத்திரையை என் கடையில் வாங்கி, வருஷக்கணக்காக ஒரு தொந்தரவும் இல்லாமல் இருந்தவன். தீபாவளிக்குப் பிறகு அது திரும்ப வந்துவிட்டது. முதலில் வீட்டில். அப்புறம் மீன் ஏலம் நடக்கும் இடத்தில். கடைசியாக, போன வாரம், மார்பளவு தண்ணீரில் வலைக்கழியைப் பிடித்துக்கொண்டு நிற்கும்போது. குணசுந்தரியின் தம்பி வேணு பக்கத்தில் இருந்ததால் தலைமுடியைப் பிடித்துத் தூக்கியிருக்கிறான்.

"முடி வெட்டிக்கினு வாய்யான்னு மூணு நாளா கத்தினேன்," என்றாள் குணசுந்தரி. "நல்லவேள, என் பேச்சக் கேக்கல."

சொல்லிவிட்டுச் சிரிக்கப் பார்த்தாள். முடியவில்லை. கூடை விளிம்பைப் பிடித்துக்கொண்டாள்.

"தலைவரு சொல்லிட்டாரு பாய். தை அமாவாசைக்குப் பாடு சீட்டு எடுக்கறாங்க. இவன் பேரக் கூப்ட மாட்டாங்களாம்."

பாடு என்றால் என்ன என்று வெளியூர்க்காரர்களுக்குச் சொல்ல வேண்டும். ஏரியில் மீன் எங்கே வேண்டுமானாலும் இருக்கும். இறால் நிறைய வருவது முகத்துவாரத்தை ஒட்டிய சில இடங்களில்தான். அங்கே யார் எந்த நாளில் வலை கட்டுவது என்று ஊர் கூடிச் சீட்டெடுத்து முறை வைக்கிறார்கள். அந்த முறைதான் பாடு. சீட்டில் ஒருவன் பெயரைக் கூப்பிட்டால் அவன் ஊரில் இருக்கிறான் என்று பொருள். கூப்பிடாவிட்டால், அதே தெருவில் அதே வீட்டில் அவன் குடியிருந்தாலும், ஊரில் அவன் இல்லை.

"தண்ணியில செத்தா ஊரு பொறுப்பாவணும்னு தலைவரு சொல்றாரு. அதுவும் ஞாயந்தான்," என்றாள். "நீ நல்ல மாத்திரயா குடு பாய். எங்கியாவது உள்ள வச்சிருப்பியே, அத்தக் குடு."

கூடையைத் தூக்கித் தலையில் வைத்துக்கொண்டு போய்விட்டாள். ஈக்களில் பாதி என்னிடமே தங்கிவிட்டன.

மதியச் சாப்பாட்டின்போது நுஸைபாவிடம் சொன்னேன். அவள் பனையோலை முடைந்துகொண்டிருந்தாள். எங்கள் தெருப் பெண்கள் பலரும் அந்த வேலை செய்கிறார்கள். பெட்டி, கிலுகிலுப்பை, மூடிபோட்ட கூடை. தலைமுடியைப் பிடித்துத் தூக்கிய இடம் வந்ததுமே அவள் கண் குளமாகிவிட்டது. டெலிக்வெசென்ட் என்று சும்மாவா சொன்னேன்.

"நீங்க போய்ப் பாருங்க."

"போய் இன்னாத்தப் பாக்கறது? அவன் குடிக்கறான். இல்லன்னா மாத்திரைய வாயில போட்டுட்டு வெளிய போய்த் துப்பறான். ஆம்பளைங்களப் பத்தி எனக்குத் தெரியாதா?"

"உங்களுக்கு ஒரே ஒரு ஆம்பளையப் பத்தித்தான் தெரியும். போய்ப் பாருங்க."

மறுநாள் ஸ்கூட்டரை எடுத்தேன். பாலத்தைத் தாண்டும்போது பனி இன்னும் ஏரி மேலேயே உட்கார்ந்திருந்தது. கலங்கரை விளக்கத்தின் தலை மட்டும் தனியாக மிதந்தது. பையில் ஒரு புது மாத்திரை அட்டை. மனதில் துப்பறிவாளனின் மிடுக்கு. முதல் கேள்வியிலேயே பொன்னுரங்கம் உளறிவிடுவான் என்று உறுதியாக நம்பினேன்.

அவன் வீட்டு வாசலில் கால் நீட்டி உட்கார்ந்து வலையின் கிழிசலைப் பொத்திக்கொண்டிருந்தான். கால் கட்டைவிரலில் வலையை மாட்டி இழுத்துப் பிடித்தபடி என்னை நிமிர்ந்து பார்த்தான்.

"வா பாய். அவ கடைக்கு வந்து கத்தினாளாமே. மனசுல வச்சிக்காத."

"அது கெடக்கட்டும். குடிக்கறியா?"

"டீயா?"

"டீ இல்லய்யா. குடி."

"உட்டு எவ்ளோ நாளாச்சு. உட்டவன்கிட்ட கேக்கற. இந்தத் தெருவுல உடாதவன் இத்தினி பேரு கீறான், அவுனுங்களுக்கு வலிப்பு இல்ல. கடவுளுக்குக் கணக்கு வராது பாய்."

"மாத்திரைய முழுங்கறியா, துப்பறியா?"

"அவ எதிர்ல நின்னு வாயத் தொறக்கச் சொல்லிப் பாக்கறா. நாக்கத் தூக்கச் சொல்றா. எருமையப் புடிச்சுப் பல்லப் பாக்கறவன்கூட இப்டிப் பாக்க மாட்டான்."

என் துப்பறியும் படலம் அதோடு முடிந்துவிட்டது. கைவசம் இருந்தவை அந்த இரண்டு கேள்விகள்தான். எதையாவது கேட்க வேண்டுமே என்று, "மாத்திரை யாருகிட்ட இருக்கு?" என்றேன்.

"அவகிட்டதான். மின்னெல்லாம் நான் சட்டப் பையில வச்சிப்பேன். தீபாவளிக்கு ஒரு வேள மறந்துட்டேன். புடுங்கி வச்சிக்கினா."

"தீபாவளிக்கா?"

"ஆமா."

எனக்குள் ஏதோ லேசாகத் தட்டியது. என்ன என்று தெரியவில்லை. குணசுந்தரி உள்ளேயிருந்து வந்தாள்.

"இன்னா பாய், நல்ல மாத்திர எடுத்தாந்தியா?"

"மொதல்ல உன்கிட்ட இருக்கறதக் காட்டுக்கா."

அவள் உள்ளே போய் ஒரு பனையோலைப் பெட்டியைக் கொண்டுவந்தாள். பார்த்ததும் தெரிந்துவிட்டது. பச்சையும் சிவப்புமாகச் சாயம் தோய்த்த ஓலை, மூடியில் நட்சத்திரம். நுஸைபாவின் கை. என் வீட்டுக் கூடத்தில் முடைந்த பெட்டி.

"உன் பொண்டாட்டிகிட்டதான் பஜார்ல வாங்கினேன். காத்தோட்டமா இருக்கும், எது வச்சாலும் கெடாதுன்னு சொன்னாங்க."

மூடியைத் திறந்தாள்.

அடியில் கல்லுப்பு, ஒரு விரல் தடிமனுக்கு. அதன் மேல் மாத்திரைகள், ஒன்றை ஒன்று தொடாமல் வரிசையாக, நெத்திலியைப் படுக்க வைத்ததுபோல. மேலே இன்னும் கொஞ்சம் உப்பு தூவியிருந்தது. ஒரு மாத்திரையை எடுக்கப் பார்த்தேன். வரவில்லை. உப்போடு ஒட்டிக்கொண்டு, ரோஸ் நிறம் வழிந்து, பாதி கூழாக இருந்தது. பெட்டியின் ஓலை அடியில் ஈரம் கசிந்திருந்தது.

"அட்டையிலேர்ந்து ஏன்கா பிரிச்ச?"

"அந்த அட்டையில காத்தே போவல பாய். நீயே நசுக்கிப் பாரு. பிளாஸ்டிக்ல கட்டி வச்சா எதுவும் புழுங்கிப் பூடும். கருவாட்ட பிளாஸ்டிக்ல கட்டி வச்சா மறுநாளு தொறக்க முடியுமா? அதான் பிரிச்சு, ஓலப்பொட்டியில போட்டு, பூச்சி புழு வராம உப்பு போட்டேன். ஈரமாத்தான் ஆவுது. ஆனா நான் சும்மா உடல. நடுவுல நடுவுல வலமேல போட்டு வெயில்ல காயவச்சு எடுத்தேன். பக்கத்துலயே குந்திக்கினு இருந்தேன். ஒண்ணு மட்டும் காக்கா தூக்கினு பூட்ச்சு."

அந்தக் காகத்துக்காவது வலிப்பு வராது என்று என் நாக்கு நுனிவரை வந்தது. அவள் முகத்தைப் பார்த்தேன். நாக்கை உள்ளே இழுத்துக்கொண்டேன். அவள் நிற்கிற விதத்தில் ஒரு பெருமை இருந்தது. தனக்குத் தெரிந்த அத்தனை வித்தையையும் புருஷனின் மாத்திரைக்குச் செய்திருக்கிறாள். ஒரு மீனுக்கு இத்தனை கவனம் எடுத்திருந்தால் அது அடுத்த வருஷம் வரை கெட்டிருக்காது.

"டாக்டருகிட்ட போனீங்களா?"

"போனோம். அளவு கூட்டிக் குடுத்தாரு. கூட்டினதையும் உப்புலதான் போட்டேன்."

நான் வாசலிலேயே உட்கார்ந்துவிட்டேன். என் சான்றிதழ், என் சொல், என் பேராசிரியர், எல்லாம் அந்த ஓலைப்பெட்டிக்குள் ரோஸ் நிறத்தில் வழிந்து கிடந்தன. பொன்னுரங்கத்தின் மாத்திரை சோடியம் வால்ப்ரோயேட். டெலிக்வெசென்ட்டுக்கு உதாரணம் கேட்டால் அதைவிட நல்ல உதாரணம் கிடையாது. அட்டையைவிட்டு வெளியே வந்தால் காற்றைக் குடித்தே கரைந்துபோகும் ஜாதி. அந்தச் சொல்லை வைத்து மாமியார் முதல் மாமனார் வரை வகை பிரித்துச் சிரித்துக்கொண்டிருந்தேன். அது யாருக்கு வேண்டுமோ அவளிடம் ஒரு தரம்கூடச் சொன்னதில்லை. அட்டையின் பின்னால் எறும்பு எழுத்தில் இங்கிலீஷில் அச்சடித்திருக்கிறது. அதைப் படிக்க எனக்கே கண்ணாடி வேண்டும்.

"அக்கா, இந்த மாத்திரையும் ஒரு உப்புதான்."

"இன்னாது?"

"உப்பு. மீனுக்குப் போடறது ஒரு உப்பு. இது வேற உப்பு. ரெண்டும் ஒரே வேல செய்யும். மழைக்கு முன்னாடி உன் உப்பு மூட்டை இன்னா ஆவும்?"

"அழுவும்."

"ஏன் அழுவுது?"

"காத்துல ஈரம் ஏறினா அழுவும். மார்கழியில தெனம் அழுவும்." அவள் சொல்லிக்கொண்டே வந்தவள் நிறுத்தினாள். பெட்டியைப் பார்த்தாள். "உப்பு மீனுலேர்ந்து தண்ணிய எடுக்கும் பாய். அதான போட்டேன்."

"மீனுல தண்ணி இருக்கு, எடுக்குது. மாத்திரையில தண்ணி இல்ல. உப்பு சும்மா இருக்குமா? காத்துலேர்ந்து எடுத்து மாத்திரைக்கே குடுக்குது. மாத்திரையும் தன் பங்குக்குக் குடிக்குது. ஈரத்த வாங்கி வாங்கி அதுலயே கரைஞ்சிடுது. ஈரத்த வாங்கியும் கரையாம இருந்தா ஹைக்ரோஸ்கோபிக், இதுக்கு டெலிக்வெசென்ட்னு பேரு."

"பேரு இன்னாவா இருந்தா இன்னா," என்றான் பொன்னுரங்கம் வலையிலிருந்து தலை தூக்காமல். "அப்ப இத்தினி நாளா நான் கருவாடுதான் துன்னுனு இருந்தேனா?"

யாரும் சிரிக்கவில்லை. குணசுந்தரி பெட்டியை மூடினாள். மூடியை அழுத்திப் பிடித்துக்கொண்டே நின்றாள்.

"நான்தான் பாய் இவன தண்ணியில தள்னேன்."

"ஏய்," என்றான் பொன்னுரங்கம். இந்தத் தடவை தலையைத் தூக்கினான். "மறந்தவன் நானு. வாங்கி வச்சவ நீ. தள்னது எவன்? போய் டீ போடு, பாய் வந்து எவ்ளோ நேரமாச்சு."

அவள் உள்ளே போய் டீ போட்டாள். அதிகமாகக் கொதித்த டீ. அழுதுகொண்டே போட்டால் அப்படித்தான் வரும் என்று எனக்கு வீட்டு அனுபவம் உண்டு.

அங்கிருந்தே டாக்டருக்குப் போன் போட்டேன். கூட்டிய அளவை நல்ல மாத்திரையில் அப்படியே கொடுத்துவிடக் கூடாதல்லவா. அவர் முழுதும் கேட்டார். "உப்புலயா?" என்றார். பிறகு, பழைய அளவையே கொடுங்கள், நேரில் அழைத்து வாருங்கள், நடுவில் தண்ணீரில் இறங்கவே கூடாது என்றார். போனை வைக்கும் முன், "மத்தவங்க எங்க வச்சிருக்காங்கன்னும் கேட்டுப் பாருங்க" என்றார். யோசித்துப் பார்த்தால், அந்த மாத்திரையை எழுதிக் கொடுத்தவர், எடுத்துக் கொடுத்தவன், எங்களில் யாருமே அதைக் கேட்டதில்லை.

குணசுந்தரிக்கு ஒரே ஒரு விதிதான் சொன்னேன். "மாத்திரை படகுல ஏறி வருதுன்னு வச்சிக்க. அட்டதான் படகு. கரை வந்தாத்தான் இறங்கணும். கரைன்னா அவன் வாயி."

"அது எனுக்குப் புரியுது," என்றாள். "மின்னாடியே இப்டிச் சொல்லியிருந்தா இன்னா?"

தை அமாவாசை வந்தது. அதுவரை பொன்னுரங்கத்துக்கு ஒன்றும் வரவில்லை. ஆனால் தலைவர் விஜயராகவன் ஒத்துக்கொள்ளவில்லை. நல்ல மனிதர். குரலை உயர்த்தாமல் பேசுவார். அதனாலேயே யாராலும் எதிர்த்துப் பேச முடியாது. "சில வாரம் வரலன்னா இனிமே வராதா? தண்ணிக்கு அது தெரியுமா?" என்று கேட்டிருக்கிறார்.

நான் சாட்சி சொல்லப் போனேன். கூப்பிடாமல்தான். ஏலக்கூடத்தில் ஆண்கள் வட்டமாக உட்கார்ந்திருந்தார்கள். பெண்கள் வெளியே, வேலி ஓரமாக. குப்பத்தைச் சேராதவன் பாடு கூட்டத்தில் பேசுவது வழக்கமில்லை. மருந்துக்கடைக்காரன் என்பதால் விட்டார்கள். எல்லார் வீட்டு மருந்தும் எனக்குத் தெரியும் என்பதும் ஒரு காரணமாக இருக்கலாம்.

கையோடு ஒரு பீங்கான் தட்டு கொண்டுபோயிருந்தேன். ஒரு மாத்திரையை இரண்டாக வெட்டித் தட்டில் வைத்தேன். பக்கத்தில் பிரிக்காத அட்டை ஒன்று.

"கொஞ்ச நேரம் பாருங்க," என்றேன். "தானா கரையும். ஈரத்த வாங்கி வாங்கிக் கரையும். தப்பு அவன் உடம்புலயும் இல்ல, மருந்துலயும் இல்ல. வச்ச எடத்துலதான். டெலிக்வெசென்ட்."

எல்லாரும் தட்டைப் பார்த்தார்கள். அன்றைக்கென்று வானம் துடைத்துவைத்ததுபோல் இருந்தது. வருஷம் முழுவதும் பழவேற்காட்டில் அப்படி ஒரு வறண்ட வெயிலை நான் பார்த்ததில்லை. மாத்திரை தன் இரண்டு பாதிகளோடும் கம்பீரமாக உட்கார்ந்திருந்தது. எனக்குத்தான் வியர்த்தது.

"பாய்," என்றார் தலைவர் பொறுமையாக. "உன் மாத்திர எங்க ஊரு ஆம்பளைங்கள உட கெட்டியா கீது."

கூட்டம் சிரித்தது. நானும் சிரித்தேன், வேறு என்ன செய்வது. பொன்னுரங்கம் மட்டும் சிரிக்கவில்லை. தன் முறைக்கு வைத்திருந்த வலையை மடித்து மடியில் வைத்துக்கொண்டிருந்தான். வலையை ஏன் கொண்டுவந்தான் என்று தெரியவில்லை.

அப்போது வேலி ஓரத்திலிருந்து குரல் வந்தது.

"தலைவரே, ஒண்ணு கேக்கணும்."

தலைகள் திரும்பின. குணசுந்தரி வேலியைத் தாண்டி உள்ளே வரவில்லை. நின்ற இடத்திலிருந்தே பேசினாள்.

"ஒருத்தன் மொறை வர்ற அன்னிக்கு வல கிழிஞ்சிருந்தா, பாடு போவுமா?"

"போவாது. தைக்க நாளு குடுப்போம். அதுவரைக்கும் அவன் சொந்தக்காரன் கட்டுவான். எப்பவும் உள்ளதுதான. அத்த ஏம்மா இப்ப கேக்கற?"

"இவனும் கிழிஞ்சிருக்கான். கிழிச்சவ நானு. தைக்க நாளு குடுங்க."

வலைக்காரர்களிடம் கிழிசலைப் பற்றிச் சொன்னால் அவர்கள் முகம் மாறுவதைப் பார்க்க வேண்டும். கை தானாக ஊசியைத் தேடும்.

"தைக்க எவ்ளோ நாளாவும்?" என்றார் தலைவர்.

"டாக்டரு சொல்ற வரைக்கும்."

"வல தச்சது போதுமான்னு டாக்டரா சொல்றாரு?"

"வலைக்கு தண்ணி சொல்லும். இதுக்கு தண்ணிகிட்ட கேக்க முடியுமா தலைவரே? கேக்கறதுக்குள்ள ஆளு பூடுவான். அதான் டாக்டர கேக்கறோம். அதுவரைக்கும் என் தம்பி கட்டுவான். இவன் கரையில இருந்து வல பொத்திக் குடுப்பான். பேரு மட்டும் கூப்டுங்க."

தலைவர் வேணுவைப் பார்த்தார். வேணு எழுந்து நின்று தலையாட்டினான். பெரியவர்கள் இரண்டு பேர் காதோடு காது பேசினார்கள். ஒருவர் தன் பங்குக்குத் தட்டை எட்டிப் பார்த்துவிட்டு நகர்ந்தார். மாத்திரை இன்னும் கெட்டியாகத்தான் இருந்தது.

"தைக்கட்டும்," என்றார் விஜயராகவன். "பேரு இருக்கும். டாக்டரு வாயால சொல்ற வரைக்கும் கால் நனையக்கூடாது. நனைஞ்சுதுன்னு கேள்விப்பட்டேன், பேர நானே எடுத்துடுவேன்."

சீட்டுகளைப் பானையில் போட்டுக் குலுக்கினார்கள். ஒவ்வொரு பெயராகக் கூப்பிட்டு, அவரவர் வந்து கைவிட்டு எடுத்தார்கள். "பொன்னுரங்கம்" என்றார் தலைவர்.

அவன் எழுந்து வந்தான். பானைக்குள் கைவிட்டான். கை நடுங்கியது. லேசாக இல்லை; பானையே கடகடவென்று ஆடியது. கூட்டம் மூச்சைப் பிடித்தது. வேணு பாய்வதற்குத் தயாராக ஒரு காலை முன்னால் வைத்தான். நான் தட்டை மிதிக்க இருந்தேன்.

பொன்னுரங்கம் தலையைத் தூக்கி எல்லாரையும் சுற்றிப் பார்த்தான்.

"இன்னா பாக்கறீங்க? பயம்தான். வேற ஒண்ணுமில்ல."

கூட்டம் சிரித்த சிரிப்பு பாலத்தைத் தாண்டிக் கேட்டிருக்கும். அவன் சீட்டை எடுத்தான். முகத்துவாரத்துக்குப் பக்கம், நல்ல இடம். பத்திரமாக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டான்; முன்பு மாத்திரை இருந்த அதே பையில்.

கூட்டம் முடிந்து சாயங்காலம் கடல்காற்று ஏறிவிட்டது. நான் தட்டை எடுக்கக் குனிந்தேன். இரண்டு பாதிகளும் இருந்த இடத்தில் பளபளவென்று சின்னதாக ஒரு ஈரத்திட்டு. தலைவர் பக்கத்தில் வந்து, விரலால் தொட்டுப் பார்த்தார்.

"அழுதுடுச்சு பாய்."

"நேரத்துக்கு அழத் தெரியாத ஜென்மம்," என்றேன். கண்ணைத் துடைத்துக்கொண்டேன். பனி அதிகம் என்று சொல்லிக்கொண்டே ஸ்கூட்டரை உதைத்தேன்.

அதற்கப்புறம் ஒரு மழைக்காலம் வந்து போய்விட்டது. என் கடையில் இப்போது ஒரு வழக்கம் உண்டு. மாத்திரையை நீட்டும் முன், "வீட்டுல எங்க வைப்பீங்க?" என்று கேட்கிறேன். பதில்களைக் கேட்டால் பேராசிரியர் கண்ணாடியை நிரந்தரமாகக் கழற்றிவிடுவார். அரிசிப் பானை. சாமி படத்துக்குப் பின்னால். படகின் இன்ஜின் பெட்டி. ஒருவர் ஐஸ் பெட்டியில், இறாலோடு. நுஸைபா தன் பெட்டிகளை விற்கும்போது, "ஊசி நூல் வைக்கலாம், வளையல் வைக்கலாம், மாத்திரை வச்சீங்கன்னா எங்க வீட்டுக்காரர் வந்துடுவார்" என்று மிரட்டி விற்கிறாள்.

குப்பத்தில் அந்தச் சொல்லும் புழக்கத்துக்கு வந்துவிட்டது, சுருக்கமாக. கல்யாணத்தில் பெண்ணை அனுப்பும்போது தேம்பும் அப்பனைப் பார்த்து, "மாமா டெலிக்காயிட்டாரு" என்கிறார்கள். பேராசிரியருக்குத் தெரிந்தால் சந்தோஷப்படுவார் என்று நினைக்கிறேன். பொருள் சரியாகத்தான் இருக்கிறது.

இந்த மார்கழியில் டாக்டர் சரி என்றார், மூன்று நிபந்தனைகளோடு. தனியாகப் போகக்கூடாது, மிதவைச் சட்டை கழற்றக்கூடாது, மாத்திரை தவறக்கூடாது. பொன்னுரங்கத்தின் முறை வந்த அன்று, விடிந்ததும் கடையைத் திறக்காமல் குப்பத்துக்குப் போனேன். மருந்துக்கடைக்காரன் வேலை இல்லாமல் வந்து நிற்கிறான் என்று யாரும் சொல்லவில்லை. நிறையப் பேர் அப்படித்தான் நின்றார்கள். தலைவரும் நின்றார், வேறெங்கோ பார்ப்பதுபோல.

ஆரஞ்சு நிற மிதவைச் சட்டையில் அவன் பெரிய பூசணிக்காய் மாதிரி இருந்தான். தெருவே அதைச் சொல்லிவிட்டது. கழுத்தில் தண்ணீர் புகாத குட்டிப் பை, அதற்குள் பிரிக்காத அட்டை. வேணு கழியை ஊன்றினான். படகு பனிக்குள் போனது. முதலில் படகு மறைந்தது. ஆரஞ்சு மட்டும் கொஞ்ச நேரம் தெரிந்தது.

குணசுந்தரி திரும்பி மீனுக்கு உப்புப் போட உட்கார்ந்தாள். உப்பு கசிந்து அவள் கையெல்லாம் ஈரம்.

"பாய், ஈரத்த வாங்கிக்கினும் கரையாம இருக்குமே ஒண்ணு, அதுக்கு இன்னா பேரு சொன்ன?"

"ஹைக்ரோஸ்கோபிக்."

"அதான் நானு," என்றாள். சொல்லிவிட்டுப் புறங்கையால் கண்ணைத் துடைத்தாள். துடைத்ததும், "அய்ய, உப்புக் கை, எரியுது" என்று முகத்தைச் சுளித்தாள்.

தண்ணீர் எடுத்துக் கொடுத்தேன். கண்ணைக் கழுவிக்கொண்டு, பனியைப் பார்த்தபடியே சொன்னாள்.

"போய் கடையத் தொற பாய். எவனாவது மாத்திரைய மோர்ல ஊறப் போட்டுனு இருப்பான்."